சாலைக்குப் போகும் துண்டு நிலம்: மலையில் நில எடுப்பு இழப்பீட்டைக் கேட்டு வாங்கும் வழி

நீலகிரியிலும் பழனி மலையிலும் சாலை வளைவை அகலப்படுத்தவும் பாலம் கட்டவும் தண்ணீர்த் தொட்டி வைக்கவும் அரசு கேட்கும் நிலம் பல நேரம் ஐந்து சென்ட், பத்து சென்ட்தான் இருக்கும். சின்னத் துண்டுதானே, வருகிற பணம் வரட்டும் என்று இருந்துவிடுகிறவர்கள்தான் அதிகம் இழக்கிறார்கள். சமவெளியில் பத்தடி போனால் இழப்பு அநேகமாகப் பத்தடியோடு நிற்கும். சரிவில் பத்தடியை வெட்டினால் மேலே உள்ள மண் இறங்கும், ஊற்று திசை மாறும், இலை மூட்டையை இறக்கும் நடைபாதை அறுந்துபோகும். சட்டத்தில் இவை எல்லாவற்றுக்கும் இழப்பீடு உண்டு. ஆனால் கேட்டவருக்குத்தான் உண்டு. ஜே.சி.பி. வருவதற்கு முன்பே எழுத்தில் கேட்டிருக்கவும் வேண்டும்.

எந்தச் சட்டத்தில் எடுக்கிறார்கள்?

அறிவிப்பு வந்ததும் தொகையைத் தேடாதீர்கள். தலைப்பில் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று இருக்கிறதோ அதை முதலில் பாருங்கள். கெடுவும், மேலே போகும் இடமும் அதைப் பொறுத்தே மாறும்.

குன்னூர், ஊட்டி, கூடலூர் வழியாகப் போகும் தேசிய நெடுஞ்சாலை 181-க்கு எடுத்தால் 1956-ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம். நிலம் எடுக்கும் எண்ணத்தைச் சொல்லும் 3ஏ அறிவிப்பு வெளியான நாளிலிருந்து 21 நாளுக்குள் ஆட்சேபணை தர வேண்டும். தொகை போதாது என்றால் 3ஜி(5) பிரிவின்கீழ் மத்திய அரசு நியமித்த நடுவரிடம் போக வேண்டும். பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர்தான் அந்த நடுவர். அவர் உத்தரவும் சரியில்லை என்றால் மாவட்ட நீதிமன்றத்தில் மூன்று மாதத்துக்குள் மனு போட வேண்டும். தக்க காரணம் இருந்தால் இன்னும் 30 நாள் கிடைக்கும், அதற்கு மேல் ஒரு நாள்கூடக் கிடையாது.

மாநில நெடுஞ்சாலை என்றால் 2001-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம். நில எடுப்பு இழப்பீட்டுக்கான 2013-ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் வந்த பிறகும் இது நிற்குமா என்று பெரிய வழக்கு நடந்தது. 2019-இல் சென்னை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது. அதே ஆண்டு சட்டமன்றம் மீட்புச் சட்டம் கொண்டுவந்தது. 2021-இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. ஆகவே சட்டமே செல்லாது என்று வாதாடிக் காலத்தைக் கடத்துவதில் பயனில்லை. நடைமுறை மாநிலச் சட்டப்படி நடந்தாலும் இழப்பீட்டுக் கணக்கு 2013 சட்டத்தின் முதல் அட்டவணைப்படிதான் வர வேண்டும். தேசிய நெடுஞ்சாலைக்கும் 2015 ஜனவரி 1 முதல் அதே அட்டவணைதான். அதைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

மற்றவற்றுக்கு நேரடியாக 2013 சட்டம். கீழே சொல்லும் பிரிவு எண்கள் அந்தச் சட்டத்தினுடையவை. மின் கோபுரமும் கம்பியும் நிலத்தின் மேல் போவது நில எடுப்பில் சேராது. அதில் தொகை போதாது என்றால் மாவட்ட நீதிபதியிடம் தனி மனு.

அளவு, பட்டா, பெயர்

தாத்தா பெயரில் இருக்கும் கூட்டுப்பட்டாதான் மலையில் பெரிய தடை. கோத்தகிரிப் பக்கம் ஒரு ஹட்டியில் (படகர் ஊரில்) நாலு தலைமுறை அனுபவித்துவரும் தேயிலைக்காடு இன்னும் கொள்ளுத்தாத்தா பெயரிலேயே இருக்கலாம். நிலம் எடுக்கப்போவதை முதலில் சொல்லும் 11-ஆம் பிரிவு அறிவிப்பு வந்தவுடனேயே வாரிசுச் சான்றுக்கு மனு போடுங்கள். பங்காளிகளுக்குள் தகராறு இருந்தால் பணம் நில எடுப்புத் தகராறுகளைத் தீர்க்கும் ஆணையத்தில் வைப்பாகப் போய்விடும், ஆண்டுக்கணக்கில் அங்கேயே கிடக்கும். பங்குச் சண்டையைத் தனியே வையுங்கள். தொகையைக் கூட்டிக் கேட்கும் மனுவை எல்லோரும் சேர்ந்து போடுங்கள். அது ஒருவருடைய பங்கைக் குறைக்காது.

சிட்டா, அ-பதிவேட்டு நகல், அடங்கல், புலப்படம், 30 ஆண்டு வில்லங்கச் சான்று ஆகியவற்றை எடுத்து வையுங்கள். புலப்படத்தில் உள்ள பரப்பு கிடைமட்ட அளவு. சரிவில் நாடா பிடித்து அளந்தால் அதைவிடக் கூடுதலாக வரும். அந்த வித்தியாசத்தைக் காட்டி "அளவு குறைத்துவிட்டார்கள்" என்று எழுதினால் மனு அங்கேயே பலவீனமாகும். சந்தேகம் இருந்தால் உட்பிரிவுப் படத்தின் நகல் வாங்கி, கல் இருக்கும் புள்ளிகளிலிருந்து அளக்கச் சொல்லுங்கள். ஒரு ஏர் 2.47 சென்ட். ஹெக்டேர், ஏரில் எழுதியதைச் சென்ட்டாக மாற்றும்போது நடக்கும் பிழை சாதாரணமானது. எழுத்துப் பிழை, கணக்குப் பிழை என்றால் தீர்வாணை (இழப்பீட்டை முடிவுசெய்யும் உத்தரவு) வந்த ஆறு மாதத்துக்குள் 33-ஆம் பிரிவில் ஆட்சியரே திருத்தலாம், வழக்கு தேவையில்லை.

சந்தை மதிப்பு: இங்கேதான் பணம் இருக்கிறது

26-ஆம் பிரிவு மூன்று விலைகளைச் சொல்கிறது. பத்திரப்பதிவுக்கான வழிகாட்டி மதிப்பு ஒன்று. அருகிலுள்ள ஊரிலோ சுற்றுவட்டாரத்திலோ இதே மாதிரி நிலத்துக்கு நடந்த கிரயங்களின் சராசரி இன்னொன்று. தனியார், அரசு-தனியார் கூட்டுத் திட்டங்களில் ஒப்புக்கொண்ட தொகை மூன்றாவது. இவற்றில் எது அதிகமோ அதுதான் சந்தை மதிப்பு. கணக்கிடும் நாள் 11-ஆம் பிரிவு அறிவிப்பு நாள்.

சராசரியை எடுக்கும் முறையில்தான் பலரும் ஏமாறுகிறார்கள். முந்தைய மூன்று ஆண்டின் எல்லாப் பத்திரங்களையும் கூட்டி வகுப்பது முறையல்ல. விலை அதிகமான பாதிப் பத்திரங்களை மட்டும் எடுத்துச் சராசரி போட வேண்டும். பத்துப் பத்திரங்கள் கிடைத்தன, சென்ட் விலை ஆயிரத்தில் 18, 20, 22, 25, 28, 35, 40, 42, 45, 48 என்று வைத்துக்கொள்வோம். எல்லாவற்றுக்கும் சராசரி 32,300 ரூபாய். மேல் பாதி ஐந்துக்கு மட்டும் 42,000. வழிகாட்டி மதிப்பு 30,000 என்றால் சட்டப்படி வர வேண்டியது 42,000. தீர்வாணையில் 30,000 போட்டிருந்தால் சென்ட்டுக்கு 12,000 விட்டுப்போயிருக்கிறது. அதன் மேல், அடுத்துச் சொல்லும் பெருக்கல் காரணியும் ஆறுதல் தொகையும் ஏறும்போது அது இரண்டு மடங்குக்கும் மேல் ஆகிவிடும்.

தீர்வாணையோடு கிரய விவரப் பட்டியல் ஒன்று இருக்கும். எந்தெந்தப் பத்திரத்தைப் பார்த்தார்கள், எதை ஏன் தள்ளினார்கள் என்று அதில் எழுதியிருப்பார்கள். நில எடுப்புத் தனி வட்டாட்சியர் அலுவலகத்தில் கேளுங்கள். தராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய்க் கட்டணத்தோடு மனு போடுங்கள், 30 நாளில் பதில் வர வேண்டும். "சிறிய பரப்பு", "வீட்டுமனை" என்று சொல்லி விலை கூடிய பத்திரங்களைத் தள்ளியிருப்பார்கள். அதற்கான பதில் உங்கள் நிலத்திலேயே இருக்கிறது. எடுக்கிற துண்டே எட்டு சென்ட் என்றால் ஆறு சென்ட் கிரயத்தைச் சிறியது என்று எப்படித் தள்ள முடியும்? எந்தப் பத்திரம் எந்தப் புல எண்ணில், எடுக்கும் நிலத்திலிருந்து எத்தனை மீட்டர், இரண்டும் ஒரே சாலையை ஒட்டியவையா என்று கிராம வரைபடத்தின் மேல் குறித்துக் கொடுங்கள். பத்திர எண்களை மட்டும் அடுக்கிக் கொடுத்தால் யாரும் உட்கார்ந்து தேடிப் பார்க்க மாட்டார்கள். சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகலே வாங்குங்கள். உறவினருக்குள் எழுதிய பத்திரத்தையும், அறிவிப்புக்குப் பிறகு பதிவான பத்திரத்தையும் சேர்க்காதீர்கள். ஒன்று கெட்டால் மற்றவற்றின் மேலும் சந்தேகம் விழும்.

வழிகாட்டி மதிப்பில் ஒரு சங்கதி கவனிக்க வேண்டும். 2017 ஜூனில் தமிழ்நாடு முழுக்க அதை 33 விழுக்காடு குறைத்தார்கள். 2024 ஜூலை 1 முதல் புதிய மதிப்பு நடைமுறைக்கு வந்தது. இடைப்பட்ட ஆண்டுகளில் பலரும் குறைந்த மதிப்புக்கே பத்திரம் எழுதினார்கள். அந்தப் பத்திரங்கள் இப்போது பக்கத்து நிலத்துக்காரரின் இழப்பீட்டைக் கீழே இழுக்கின்றன. மேல் பாதிக் கணக்கை விடாமல் கேட்பதற்கு இது இன்னொரு காரணம். பதிவுத்துறை இணையதளத்தில் உங்கள் புல எண்ணை எந்த வகையில் போட்டிருக்கிறார்கள் என்றும் பாருங்கள். நாற்பது ஆண்டுத் தேயிலை நிற்கும் இடம் தரிசு என்று பதிவாகியிருப்பது மலையில் புதிதல்ல.

கிரயமே நடக்காத ஊர்கள் மலையில் உண்டு. 1949-ஆம் ஆண்டின் தனியார் காடுகள் பாதுகாப்புச் சட்டத்தில் வரும் நிலத்தை அனுமதியின்றி விற்க முடியாது. அப்படிப்பட்ட இடத்தில் "ஒப்பிடப் பத்திரம் இல்லை, ஆகவே குறைந்த விலை" என்று எழுதுவதுண்டு. 26(3) பிரிவு அதற்கு நேர்மாறாகச் சொல்கிறது. வேறு சட்டத்தால் கிரயம் தடைப்பட்ட பகுதி, மூன்றாண்டில் பத்திரமே இல்லாத பகுதி, வழிகாட்டி மதிப்பே குறிக்காத பகுதி ஆகியவற்றுக்குப் பக்கத்துப் பகுதியின் இதே மாதிரி நிலத்தின் விலையை வைத்து அரசு அடிப்படை விலை நிர்ணயிக்க வேண்டும். நில எடுப்பு தொடங்கும் முன் மதிப்பைப் புதுப்பிக்கும் பொறுப்பையும் அதே பிரிவு ஆட்சியர் மேல் வைக்கிறது. மலைநிலத்துக்கு இதைவிட உதவும் பிரிவு வேறில்லை. ஆட்சேபணையில் முதல் பத்தியிலேயே இதை எழுதுங்கள்.

கணக்கு எப்படி ஏறுகிறது

ஊரகப் பகுதிக்கு 1 முதல் 2 வரை பெருக்கல் காரணி உண்டு. நகரத்திலிருந்து தூரத்தைப் பொறுத்து மாநில அரசு குறிக்கும். நகர்ப்பகுதிக்கு 1. உங்களுக்குப் போட்ட காரணி எது, எந்த அரசாணைப்படி என்று எழுத்தில் கேளுங்கள். நிலம் கொடைக்கானல் நகராட்சிக்குள் வருகிறதா, பக்கத்து ஊராட்சியில் வருகிறதா என்பதே தொகையை மாற்றிவிடும்.

20 சென்ட், மேற்சொன்ன 42,000 விலை என்றால் நிலத்துக்கு 8,40,000. காரணி 1.25 என்று வைத்தால் 10,50,000. செடி, மரம், சுவர் சேர்ந்து 1,60,000 என்றால் 12,10,000. ஆறுதல் தொகை (கட்டாயமாக எடுப்பதற்காகக் கூடுதலாகத் தருவது) நூறு விழுக்காடு, அதாவது இன்னொரு 12,10,000. இதற்கு மேல் 30(3) பிரிவின்படி சந்தை மதிப்புக்கு ஆண்டுக்கு 12 விழுக்காடு. சமூகத் தாக்க மதிப்பீட்டு அறிவிப்பிலிருந்து தீர்வாணை அல்லது நிலத்தைக் கையகப்படுத்திய நாள், எது முந்தியதோ அதுவரை. ஒன்றரை ஆண்டுக்கு, காரணி பெருக்காத 8,40,000-க்கே கணக்கிட்டாலும் 1,51,200. ஆக 25,71,200. செடி, மரத்துக்கும் ஆறுதல் தொகை உண்டு என்பதைக் கவனியுங்கள். அவற்றைக் கூட்டாமல் நிலத்துக்கு மட்டும் போட்டிருந்தால் அது பிழை.

நிலத்தில் நிற்பவை

தேயிலையைத் தோராயமாக எழுத விடாதீர்கள். ஒற்றை வரிசை நடவில், 1.20-க்கு 0.75 மீட்டர் இடைவெளியில், ஹெக்டேருக்கு 10,800 செடி. இரட்டை வரிசையில் 13,200. சென்ட் கணக்கில் சுமார் 44, 53. பத்து சென்ட்டுக்கு முந்நூறு செடி என்று மகஜரில் (நிலத்தைப் பார்த்து எழுதும் பதிவில்) இருந்தால் அங்கேயே எண்ணச் சொல்லுங்கள். பழைய விதைச்செடித் தோட்டத்தில் இடைவெளி அதிகம், எண்ணிக்கை குறையும். அதை இரட்டை வரிசைக் கணக்கில் கேட்டால் உங்கள் மற்றக் கணக்கையும் நம்ப மாட்டார்கள். செடியின் வயது, கடைசியாகக் கவாத்து செய்த ஆண்டு, தொழிற்சாலைக்குப் பச்சை இலை போட்ட மூன்றாண்டு ரசீது, தேயிலை வாரிய அடையாள அட்டை எல்லாவற்றையும் சேருங்கள்.

தாண்டிக்குடி, பண்ணைக்காடு பக்கம் ஒரே நிலத்தில் காபி, சில்வர் ஓக், அதில் ஏறிய மிளகு, இடையில் மலைவாழை, ஆரஞ்சு, பட்டர் ஃப்ரூட் என்று அடுக்கடுக்காக நிற்கும். மரக்கணக்கில் சில்வர் ஓக்கை மட்டும் மரமாக எழுதிவிட்டு மிளகுக்கொடியை விட்டுவிடுவார்கள். மரம் வேறு, கொடி வேறு. காய்க்கும் கொடி, காய்க்காத கொடி என்று தனித்தனியாக எண்ணி எழுதச் சொல்லுங்கள். வாழையைத் தூர்க் கணக்கில் எழுத வேண்டும். 29-ஆம் பிரிவின்படி ஆட்சியர் தோட்டக்கலை, வேளாண்மை, வனத்துறை அனுபவசாலிகளைக் கொண்டு மதிப்பிடலாம். காபிக்கும் மிளகுக்கும் தாண்டிக்குடி காபி ஆராய்ச்சி நிலையம், தடியன்குடிசை தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையம் ஆகியவற்றில் விவரம் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். மதிப்பீட்டுக்கு அவர்களை அழைக்கும்படி மனுவில் கேட்கலாம்.

கருங்கல் தடுப்புச் சுவர், படிக்கட்டு, தண்ணீர்க் குழாய், தெளிப்பான், சோலார் வேலி, இலைக்கொட்டகை, சமாதி எதையும் விடாதீர்கள். கட்டடத்துக்குப் பொதுப்பணித்துறை விலை போட்டிருந்தால், மலைக்கு மணலும் சிமெண்டும் ஏற்றிவரும் வாடகையும் தலைச்சுமைக் கூலியும் அதில் சேர்ந்திருக்கின்றனவா என்று பாருங்கள். வீட்டின் ஒரு பகுதியை மட்டும் எடுத்தால் முழு வீட்டையும் எடுக்கச் சொல்ல 94-ஆம் பிரிவில் உங்களுக்கு உரிமை உண்டு.

தேதியும் இடமும் பதியும் கேமரா செயலியில் படம் எடுங்கள். ஒவ்வொரு எல்லைக்கல்லிலும் நின்று நாலு திசையும் எடுத்தால் போதும். கூட்டுத் தணிக்கை மகஜரில் விடுபட்டது இருந்தால் கையெழுத்துக்கு மேலேயே "மிளகுக்கொடி 34, கல்சுவர் 12 மீட்டர் சேர்க்கப்படவில்லை" என்ற மாதிரி எழுதிவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். பிறகு சேர்த்துக்கொள்ளலாம் என்ற வாய்ச்சொல்லை நம்பாதீர்கள்.

மிஞ்சும் நிலம்

28-ஆம் பிரிவு நிலம் துண்டாவதால் வரும் நட்டத்தையும், மிஞ்சிய சொத்துக்கும் வருமானத்துக்கும் வரும் கேட்டையும் தனித் தலைப்புகளாகச் சொல்கிறது. மலையில் இவைதான் பெரிய தொகை, தீர்வாணையில் இவைதான் பூஜ்யமாக வரும். யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

சாலைத் திட்ட வரைபடத்தில் உங்கள் நிலத்தின் குறுக்குவெட்டுப் படத்தைக் கேளுங்கள். எத்தனை மீட்டர் உயரம் வெட்டுகிறார்கள், தடுப்புச் சுவர் உண்டா, சிறுபாலத்தின் தண்ணீர் எங்கே விழுகிறது என்று அதில் தெரியும். சிறுபால வாய் உங்கள் தேயிலையைப் பார்த்து இருந்தால் முதல் வடகிழக்குப் பருவமழையிலேயே ஓடை அறுத்துவிடும். செங்குத்தாக வெட்டிச் சுவர் இல்லாமல் விட்டால் மேலே மிஞ்சிய நிலம் ஆண்டுதோறும் இறங்கும். ஆறு மீட்டர் வெட்டு விழுந்த பிறகு மேல்காட்டு இலை மூட்டையை எந்த வழியில் இறக்குவது? புதிய படிக்கட்டுக்கோ சுற்றுப்பாதைக்கோ ஆகும் செலவு, சுவருக்கு ஆகும் செலவு, ஊற்று போனால் மாற்றுக் குழாய்க்கு ஆகும் செலவு ஆகியவற்றுக்குப் பொறியாளர் ஒருவரிடம் மதிப்பீடு வாங்கி, உரிமை கோருபவர்களை ஆட்சியர் கேட்கும் 21-ஆம் பிரிவு விசாரணையில் ரூபாய்க் கணக்கோடு கொடுங்கள். "பெரும் பாதிப்பு ஏற்படும்" என்று மட்டும் எழுதினால் அதிகாரிக்கு எழுத எண் இருக்காது. பணத்துக்குப் பதில் சுவரையும் வடிகாலையும் திட்டத்திலேயே சேர்க்கச் சொல்லிக் கேட்பதும் நல்ல வழி, எழுத்தில் ஒப்புக்கொண்டால்.

பணம் வாங்கும் நாள்

பேச்சுவார்த்தையில் விலை பேசி ஒப்புதல் கடிதம் கேட்பார்கள். கிரயம் எழுதிக் கொடுத்துவிட்டால் பிறகு கூட்டிக் கேட்கும் வழி அநேகமாக அடைபடும். விலை மேற்சொன்ன கணக்கைத் தொட்டால் ஒப்புக்கொள்ளுங்கள், வழக்குக்கு ஆகும் காலம் மிச்சம். தொடாவிட்டால் கடிதத்தில் கையெழுத்து வேண்டாம்.

தீர்வாணை வந்த பிறகு பணத்தை வாங்க மறுக்க வேண்டியதில்லை. ஆனால் ஆட்சேபணை சொல்லாமல் வாங்கினால் 77-ஆம் பிரிவின்படி, தொகையைக் கூட்டிக் கேட்கும் 64-ஆம் பிரிவு மனுவுக்கு உரிமை போய்விடும். ரசீதிலும் வங்கிப் படிவத்திலும் உங்கள் கையாலேயே எழுதுங்கள்: "இழப்பீட்டுத் தொகை, அளவு, மரம் மற்றும் செடிகளின் மதிப்பு ஆகியவற்றை ஏற்கவில்லை. ஆட்சேபணையுடன் மட்டுமே பெற்றுக்கொள்கிறேன். 64-ஆம் பிரிவு உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை." அதே வாசகத்தைக் கடிதமாக, சேர்ந்ததற்கான சான்றுடன் பதிவுசெய்த விரைவு அஞ்சலிலும் அனுப்புங்கள். படிவத்தில் இடம் இல்லை என்று சொன்னால் அந்தக் கடிதம்தான் காப்பாற்றும்.

64-ஆம் பிரிவு மனுவை ஆட்சியரிடம் கொடுக்க வேண்டும். தீர்வாணை நாளில் நீங்களோ உங்கள் ஆளோ இருந்திருந்தால் அன்றிலிருந்து 6 வாரம். இல்லாதவர்களுக்கு அறிவிப்பு கையில் கிடைத்ததிலிருந்து 6 வாரம் அல்லது தீர்வாணையிலிருந்து 6 மாதம், எது முதலில் முடிகிறதோ அது. தக்க காரணம் காட்டினால் மேலும் ஓராண்டுக்குள் ஆட்சியர் ஏற்கலாம், ஆனால் அதை நம்பி இருக்காதீர்கள். அளவு, தொகை, யாருக்குச் சேர வேண்டும், பங்கு, மறுவாழ்வு ஆகிய எல்லாத் தலைப்பிலும் உங்களுக்குள்ள குறையை ஒரே மனுவில் எழுதிவிடுங்கள். 30 நாளில் ஆட்சியர் ஆணையத்துக்கு அனுப்ப வேண்டும். அனுப்பாவிட்டால் நீங்களே ஆணையத்தில் மனு செய்யலாம். பெண்களுக்கும் பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பார்க்காமல் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவச வழக்கறிஞர் தரும். ஊட்டியிலும் திண்டுக்கல்லிலும் போய்க் கேட்கலாம்.

ஆணையம் கூட்டிக் கொடுக்கும் தொகைக்கு நிலத்தை எடுத்த நாளிலிருந்து 9 விழுக்காடு வட்டி, ஓராண்டுக்கு மேல் போனால் 15. வழக்கே போடாத பக்கத்து நிலத்துக்காரருக்கும் ஒரு வாய்ப்பு உண்டு. அதே அறிவிப்பில் வந்த ஒருவருக்கு ஆணையம் கூட்டிக் கொடுத்திருந்தால், அந்த உத்தரவிலிருந்து மூன்று மாதத்துக்குள் 73-ஆம் பிரிவில் தனக்கும் கேட்கலாம். ஊரில் யாருக்குத் தீர்ப்பு வந்தாலும் உடனே மற்றவர்களுக்குச் சொல்லுங்கள். ஆணையத்துக்கு மேல் 60 நாளுக்குள் உயர் நீதிமன்றம்: நீலகிரிக்குச் சென்னை, திண்டுக்கல் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை.

பட்டா இல்லாதவர்கள்

கூடலூர், பந்தலூர் வட்டங்களில் 1969-ஆம் ஆண்டின் ஜென்ம எஸ்டேட் ஒழிப்புச் சட்டத்தில் தோட்டக் குத்தகை பற்றிய 17-ஆம் பிரிவில் வரும் நிலத்தில் இருப்பவர்களிடம் பட்டா இருக்காது. பட்டா இல்லை என்பதாலேயே ஒன்றும் இல்லை என்று ஆகிவிடாது. 2013 சட்டத்தின் 3-ஆம் பிரிவின் விளக்கத்தில் "நில உரிமையாளர்" என்பது மாநிலச் சட்டப்படி பட்டா பெறத் தகுதியுள்ளவரையும் வன உரிமைச் சட்டத்தில் உரிமை பெற்றவரையும் சேர்த்தே சொல்கிறது. அறிவிப்புக்கு முன் மூன்று ஆண்டு அங்கே குத்தகைக்கோ கூலிக்கோ உழைத்து அதையே நம்பிய குடும்பம் "பாதிக்கப்பட்ட குடும்பம்" ஆகும், அதற்கு மறுவாழ்வு உதவி உண்டு. வீட்டு வரி, மின் இணைப்பு, ரேஷன் அட்டை, தொழிற்சாலை ரசீது இவைதான் சான்று. நிபந்தனைப் பட்டா நிலத்தை "அரசு திரும்ப எடுத்துக்கொள்கிறது" என்று சொல்லி இழப்பீடு மறுத்தால் அதே விளக்கத்தைக் காட்டி ஆட்சேபியுங்கள்.

பளியர், குறும்பர், பணியர், இருளர் குடும்பங்களுக்கு வன உரிமை மனு நிலுவையில் இருந்தால், அதை முடிக்காமல் அப்புறப்படுத்தக் கூடாது என்று வன உரிமைச் சட்டத்தின் 4(5) பிரிவு சொல்கிறது. கிராம சபைத் தீர்மான நகலைக் கையில் வையுங்கள். புலிகள் காப்பகத்தில் குடும்பத்துக்கு 15 லட்சம் என்னும் இடமாற்றத் திட்டம் நில எடுப்பு அல்ல. அது "விருப்ப" இடமாற்றம். அதில் கையெழுத்திட்டவருக்கு 64-ஆம் பிரிவு வழி கிடையாது. ஒரு வீட்டில் திருமணமான மகன், தனித்து வாழும் பெண் ஆகியோர் தனிக் குடும்பமாகக் கணக்கில் வந்திருக்கிறார்களா என்று பட்டியலைப் படித்துக் காட்டச் சொல்லி, அதற்குப் பிறகே கையெழுத்தைப் பற்றிப் பேசுங்கள்.

வரி பற்றி: 2013 சட்டத் தீர்வாணைத் தொகைக்கு 96-ஆம் பிரிவின்படி வருமான வரி கிடையாது. பணம் தரும் அலுவலகம் பத்து விழுக்காடு பிடித்திருந்தால் அந்தப் பிரிவைக் காட்டிக் கேளுங்கள். பிடித்ததைக் கணக்குத் தாக்கல் செய்து திரும்பப் பெறலாம். தாமதத்துக்குத் தரும் வட்டி வேறு கணக்கு, அதை ஒரு கணக்காளரிடம் காட்டிவிடுங்கள்.